நெற்றியில் ஒரு கறுப்புப் பொட்டு

கணவனை இழந்த தொழிற்சாலைப் பெண்ணாக நான் மேடையில் பதினொரு முறை நடித்திருக்கிறேன். எந்தச் சேலை, பை எந்தக் கையில், எந்த வசனத்தில் அரங்கம் அமைதியானது என்பதெல்லாம் அன்றன்றே எழுதி வைத்தவை. அந்த நாடகத்தைத் தொலைக்காட்சிப் படமாக எடுக்கப்போவதாக இயக்குநர் அழைத்தபோது, அந்தப் பெண்ணாக யார் நடிக்கிறார்கள் என்று நான் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும்.

"அக்கா, மாசாய்ல ஷூட்டிங். நாலு சேலை எடுத்துக்குங்க. உங்க நோட்டையும் மறந்துறாதீங்க."

இங்கே எங்கள் ஊர்ப் படப்பிடிப்புகளில் உடை நடிகையின் பொறுப்பு. நோட்டைக் கேட்பதும் வழக்கம்தான். ஒரு காட்சியைப் பல துண்டுகளாக எடுக்கும்போது யார் எதை அணிந்திருந்தார்கள் என்று நானே எழுதிவிடுவதால், அதற்குத் தனி ஆள் வைக்கும் செலவு அவர்களுக்கு இல்லை.

இருபத்தேழு வருடங்களில் போலீஸ்காரி, வக்கீல், பேய், மாமியார் எல்லாம் ஆகிவிட்டேன். ஒரே தொடரில் முகக்கவசம் போட்ட மருத்துவமனைத் தாதியாகவும் வில்லனின் தாயாகவும் வந்திருக்கிறேன். எதைக் கொடுத்தாலும் செய்வார் என்று என்னைப் பாராட்டுவார்கள். அதனால்தான் எதையாவது கொடுக்கிறார்கள்.

தம்போயில் உள்ள என் வீட்டிலிருந்து காலை ஏழு மணிக்கே புறப்பட்டுப் போய்ச் சேர்ந்தேன். அடுக்குமாடி வீட்டுக் கூடத்தில், தலைநகரிலிருந்து வந்திருந்த ஓர் இளம்பெண், வானொலி அறிவிப்பாளர், ஒப்பனைக்கு உட்கார்ந்திருந்தார்.

"இவங்கதான் நம்ம ஹீரோயின்கா. நீங்க பக்கத்து வீட்டுக்காரம்மா. சாவு வீட்டுக் கூட்டத்துல நிக்கிறது போக ஒரே சீன்தான், ஆனா செம வெயிட்டு" என்றார் இயக்குநர்.

"நான் பதினொரு தடவை செஞ்ச ரோல் தம்பி அது."

"தெரியும்கா. மேடை வேற, கேமரா வேற லா. ஸ்பான்சர் இவங்களத்தான் கேக்குறாங்க. நான் என்ன பண்ண?"

"உங்கள பாத்துத்தான்கா நான் வளந்தேன்" என்றார் அந்தப் பெண்.

"எனக்கு அவ்வளவு வயசாகல."

விளக்குக்காரர் பின்னாலிருந்து, "அலமாக்! அம்மாடியோ, அக்கா இன்னிக்கு சூடா இருக்காங்க" என்றார்.

என் காட்சி இரண்டு நாட்கள் நடந்தது. கணவனைப் புதைத்துப் பத்து நாளில் வேலைக்குப் போய்த் திரும்பும் பெண்ணைப் பக்கத்து வீட்டுக்காரி வாசலில் நிறுத்திச் சோறு ஊட்டுகிறாள். முதல் நாள் தூரத்திலிருந்து எடுத்தார்கள். மறுநாள் முகங்களை நெருக்கத்தில் எடுத்தார்கள். வசனம் அதிகமில்லை. முதல் உருண்டையை அவள் வாயருகே கொண்டுபோனபோது என் கை தானாக நடுங்கியது. மேடையில் பதினொரு முறையும் அப்படி நடந்ததில்லை. கேமராக்காரர்கூட நிமிர்ந்து பார்த்தார்.

அந்த நெருக்கத்தில்தான் கண்டேன். அந்த அறிவிப்பாளரின் நெற்றியில் மிளகு அளவு கறுப்பு ஸ்டிக்கர் பொட்டு. தங்கியிருந்த அறையிலிருந்து வைத்துக்கொண்டே வந்திருக்கிறார். முதல் நாள் வெறும் நெற்றி. என் நோட்டிலேயே அப்படித்தான் இருந்தது.

"அக்கா, எல்லாம் சரிதானே?" என்று இயக்குநர் கேட்டார்.

நான் நடிக்க வந்தவள். கணக்கெடுக்க வந்தவள் இல்லை.

"சரி" என்றேன்.

மூன்று வாரம் கழித்து அவர் அழைத்தார். "அக்கா, அந்தச் சோறு ஊட்டுற சீன படத்துலேருந்து வெட்ட வேண்டியதா போச்சு. தூரத்துல பொட்டு இல்ல, கிட்டத்துல இருக்கு. திரும்ப ஷூட் பண்ண ஸ்பான்சர் ஒத்துக்கல. உங்க கண்ணுக்கே தப்பிருச்சேக்கா!"

கண்ணுக்குத் தப்பவில்லை என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லவில்லை. என் கை நடுங்கிய அந்த உருண்டையை யாரும் பார்க்கப்போவதில்லை. அந்தப் படத்தில் இப்போது நான் இருப்பது சாவு வீட்டுக் கூட்டத்தில், முதுகைக் காட்டிக்கொண்டு, நாலு நொடி.

"அடுத்த படத்துக்கு நோட்டு எழுத வேற ஆள் பாத்துட்டேன்கா. உங்களுக்கும் சிரமம் வேணாம்."

"நடிக்க?"

"அத பிறகு சொல்றேன்கா."

பிறகு என்றால் எந்த மாதம் என்று கேட்டேன். அவர் சிரித்தார். நான் வேடிக்கைக்காகக் கேட்கவில்லை.