இருபத்தேழு வீட்டு மாமா

அரியரத்தினத்துக்குப் பிள்ளை குட்டி இல்லை. ஆனாலும் பள்ளிக்கூட நாட்களில் காலை பத்துக்கும் பிற்பகல் இரண்டுக்கும் இடையில் அவருடைய செல்போன் அடித்தால், யாரோ ஒரு பிள்ளைக்குக் காய்ச்சல் என்று அர்த்தம்.

"முசியே அரியா, முப்பத்தொன்பது டிகிரி," என்பாள் செலீன். பார்க் எக்ஸ்டென்ஷனில் இருந்த ஆரம்பப் பள்ளியின் அலுவலகத்தில் வேலை பார்ப்பவள்.

"எந்தப் பிள்ளை?"

அவள் பெயரைச் சொல்வாள். பாதி எழுத்தை விழுங்கிவிட்டுச் சொன்னாலும் அவருக்கு விளங்கும்.

"பதினைஞ்சு நிமிசம்," என்று பிரெஞ்சில் சொல்லிவிட்டு ஏப்ரனைக் கழற்றுவார். ஜான்-டலோன் சந்தையில் அல்பேட்டின் மரக்கறிக் கடையில் அவருக்கு வேலை. அல்பேட் கத்தரிக்காய்ப் பெட்டிக்கு மேலால் எட்டிப் பார்த்து, "மறுபடியும் உன் பிள்ளையா? இந்த ஊரில் பாதியை நீதான் பெற்றாய் போல," என்பான். சிரித்துக்கொண்டே சம்பளத்தில் ஒரு மணித்தியாலத்தை வெட்டவும் செய்வான். அதைப் பற்றி அரியரத்தினம் ஒருவரிடமும் சொன்னதில்லை.

எண்பத்தேழில் பிரெஞ்சு பேசும் இந்த நகரத்துக்கு அகதியாக வந்த மனிதர். அரசாங்கம் நடத்திய பிரெஞ்சு வகுப்பில் ஏழு மாதம் ஒழுங்காகக் குந்தியிருந்தவர். கூட இருந்தவர்கள் இரண்டாம் மாதமே பெட்டித் தொழிற்சாலைக்கும் தையல் தொழிற்சாலைக்கும் போய்விட்டார்கள். அந்த ஏழு மாதம் அவரை ஊருக்குப் பொதுவான ஆளாக்கிவிட்டது. சனிக்கிழமைகளில் மெட்ரோவுக்குப் பக்கத்து டோனட் கடையில் மூலை மேசையைப் பிடித்துக்கொண்டு, வருகிறவர்களுக்குப் படிவம் நிரப்பிக் கொடுப்பார். காசு வாங்குவதில்லை. ஒரேயொரு நிபந்தனை: "உள்ளதை மட்டும் சொல்லுங்கோ. படிவத்தில பொய் எழுதினால் பேந்து அது எங்களைத்தான் தேடி வரும்."

அகதி விசாரணையில் ஒரே திகதியை மூன்று முறை மாற்றி மாற்றிக் கேட்டார்கள் அவரிடம். மூன்று முறையும் ஒரே பதிலைச் சொன்னதால்தான் இந்த நாட்டில் இருக்கிறார். அந்தப் பயம் இன்னும் அவரை விட்டுப் போகவில்லை.

அப்படிப்பட்டவர் ஒரு பொய் எழுதினார். எழுதியபோது அது பொய் என்று அவருக்குத் தோன்றவில்லை.

தொண்ணூற்றொன்பதில் பிரஷாந்தினி என்ற இளம் தாய் தன் மகன் ஆரூரனைப் பள்ளியில் சேர்க்கும் படிவத்தோடு வந்தாள். அவளும் கணவன் இரவிச்சந்திரனும் தொழிற்சாலையில். வேலை நேரத்தில் போன் எடுக்க விட மாட்டார்கள். எடுத்தாலும் பிரெஞ்சு வராது.

"அவசரத்துக்கு ஆரைக் கூப்பிடுறது எண்டு கேக்கிறாங்கள் அண்ணை. உங்கட நம்பரைப் போடுங்கோவன்."

அந்தத் தெருவில் செல்போன் வைத்திருந்த முதல் தமிழர் அவர். போட்டார். அடுத்த கட்டம், பிள்ளைக்கு என்ன உறவு என்று கேட்டது. பேனா கொஞ்ச நேரம் நின்றது. தாயின் மடியில் இருந்த ஆரூரன் டோனட் சீனி ஒட்டிய கையை நீட்டி, "மாமா, இன்னொண்டு," என்றான். அரியரத்தினம் 'மாமா' என்றே பிரெஞ்சில் எழுதினார்.

இப்படி ஒரு வீடு தொடங்கி இருபத்தேழு வீடாயிற்று. எல்லாப் படிவத்திலும் ஒரே நம்பர், ஒரே மாமா. எல்லா வீட்டு விவரங்களையும் ஒரு நீலக் கொப்பியில் எழுதி வைத்துக்கொண்டார்.

இரண்டாயிரத்து ஐந்தின் கோடை விடுமுறையில் பள்ளிச் சபையின் அலுவலகத்தைக் கள்ளர் உடைத்து ஒரு கணினியைத் தூக்கிக்கொண்டு போனார்கள். பிள்ளைகளின் பெயர், பிறந்த திகதி, விலாசம் எல்லாம் அதில் இருந்தன. பள்ளி முடிந்தபின் பிள்ளைகளை வைத்துப் பார்க்கும் கார்டெரிக்குக் கட்டிய காசுக்கு வரிச் சீட்டு வேண்டுமே என்று பெற்றோர் கொடுத்த சமூகக் காப்புறுதி இலக்கங்களும் இருந்தன. சபை மன்னிப்புக் கடிதம் அனுப்பியது. பலர் அதைத் திறக்கவே இல்லை.

இரண்டு வருடம் கழித்துத்தான் பிரஷாந்தினிக்கு அதன் கனம் தெரிந்தது. தொழிற்சாலையை விட்டு, பிரெஞ்சு படித்து, வீட்டிலேயே சின்னக் கார்டெரி தொடங்க எண்ணி வங்கிக்குப் போனாள். அவள் பெயரில் இரண்டு கடன் அட்டைகள் ஏற்கெனவே இருந்தன. அவள் கால் வைத்தேயிராத ஊரில் யாரோ சோபா செட்டும் தொலைக்காட்சியும் வாங்கியிருந்தார்கள். கடன் கிடையாது என்று வங்கி சொல்லிவிட்டது.

பெற்றோர் சேர்ந்து சபைமீது போட்ட வழக்கு இரண்டாயிரத்து எட்டில் முடிந்தது. ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு சிறு தொகை. பிரஷாந்தினியைப் போல உண்மையில் அடிபட்டவர்களுக்கு இழப்பு முழுவதும், அத்தோடு வங்கிக்குக் காட்டப் பெயரைத் துடைத்துக் கொடுக்கும் கடிதமும். அவளுக்கு அந்தக் கடிதம்தான் வேண்டும். டோனட் கடை மேசையில் இருபத்தேழு விண்ணப்பங்கள் நிரம்பின.

ஒரு மாதத்தில் இருபத்தேழு வீட்டுக்கும் ஒரே பதில் வந்தது. இத்தனை விண்ணப்பத்திலும் ஒரே தொலைபேசி இலக்கம் இருப்பதால் எல்லாம் நிறுத்தி வைக்கப்பட்டுள்ளன. முப்பது நாளில் விளக்கம் வராவிட்டால் ரத்து.

தெருமுனையில் ஞானேந்திரன் நடத்திய டெப்பனர் என்ற சில்லறைக் கடையில் பால் வாங்கப் போன அரியரத்தினத்துக்கு, வாசலிலேயே இரவிச்சந்திரனின் குரல் கேட்டது.

"கணினியைக் களவெடுத்தவன் ஆரெண்டு பொலிசுக்கும் தெரியாது. ஆனா எங்கட எல்லாற்ற நம்பரும் ஒருத்தற்ற நீலக் கொப்பியில கிடக்கு. அது எல்லாருக்கும் தெரியும்."

"சும்மா இரடாப்பா," என்றார் ஞானேந்திரன், வாசலைப் பார்த்துவிட்டு.

"ஏன் சும்மா இருக்கோணும்? சும்மா ஆர் இப்பிடி ஓடித் திரிவான்? ஏதும் லாபம் இல்லாமலே?"

பக்கத்தில் பிரஷாந்தினி நின்றிருந்தாள். அரியரத்தினத்தைக் கண்டதும் ரொட்டிப் பக்கம் திரும்பிக்கொண்டாள். இரவிச்சந்திரனின் பேச்சை அவர் அன்றைக்கே மறந்திருப்பார். அவள் திரும்பியதை மறக்க முடியவில்லை. பாலை வாங்காமலே வந்துவிட்டார்.

இரவு கொப்பியைப் பிரித்தார். வீட்டுக்கு ஒரு பக்கம். பெயர்கள், பிறந்த திகதிகள், இலக்கங்கள். கீழே பள்ளியிலிருந்து வந்த அழைப்புகள். 'ஆரூரன், வாந்தி, 11.20.' எல்லாவற்றையும் திருத்தமாக வைத்திருப்பதுதான் நேர்மை என்று இதுவரை நினைத்திருந்தார். அந்தக் கொப்பி ஒன்பது வருடமாகச் சந்தைக் கடையின் ஆணியில், ஏப்ரன் பைக்குள் தொங்கியது. யாரும் எடுக்கவில்லை என்பது அவருடைய கெட்டித்தனம் அல்ல. கள்ளனுக்கு மரக்கறிக் கடையில் தேட வேண்டும் என்று தோன்றவில்லை, அவ்வளவுதான்.

மறுநாள் ஒவ்வொரு பக்கமாகக் கிழித்து, கடித உறையில் போட்டு, இருபத்தேழு வீட்டுக் கதவையும் தட்டினார். "இது உங்கட. வைச்சிருங்கோ, இல்லாட்டி எரிச்சுப்போடுங்கோ." சிலர் உள்ளே வந்து தேத்தண்ணி குடிக்கச் சொன்னார்கள். சிலர் கதவைச் சங்கிலியோடு திறந்து வாங்கினார்கள். பிரஷாந்தினியிடம் கொடுத்தபோது மட்டும், "நாளைக்கு டவுன்ரவுனுக்கு விளக்கம் சொல்லப் போறன், தங்கச்சி," என்றார்.

மறுநாள் காலை மெட்ரோ மேடையில் அவள் நின்றாள். கையில் அந்தப் பக்கம் இருந்தது.

"பதினாலு தரம் போயிருக்கிறியள்," என்றாள். "ஆரூரனுக்காக மட்டும். நான் ஏழெட்டு எண்டுதான் நினைச்சன்."

கூடவே ரயிலில் ஏறினாள்.

நகர மையத்தில், இழப்பீட்டு அலுவலகத்தின் பதினோராம் மாடியில் ஓர் இளம் பெண் வழக்கறிஞர் இருபத்தேழு கோப்புகளையும் மேசையில் பரப்பியிருந்தாள். மரியாதையாகத்தான் பேசினாள், பிரெஞ்சில்.

"இந்த வீடுகளின் பிள்ளைகள் எல்லோருக்கும் நீங்கள் மாமா என்று பள்ளிப் பதிவேடு சொல்கிறது. உண்மைதானா?"

அவர் மேலே கிடந்த கோப்பின் பெயரை வாசித்தார்.

"உண்மை என்றால், இது ஒரே குடும்பக் கூட்டம். ஒரே தொடர்பாளர், எல்லோருக்கும் சேர்த்து ஒரே கொடுப்பனவு. உறவில்லை என்றால் ஒவ்வொரு விண்ணப்பத்தையும் தனித்தனியே பார்ப்போம். ஆனால் பள்ளிப் படிவங்களில் உண்மையல்லாததை எழுதினேன் என்று நீங்கள் சத்தியம் செய்து கையெழுத்திட வேண்டும். பிரதி பள்ளிச் சபைக்கும் போகும்."

எண்பத்தேழின் விசாரணை அறை அவர் முதுகில் வந்து குளிர்ந்தது. உண்மையல்லாதது. அந்தச் சொல்லுக்காகத்தானே மற்றவர்களை இத்தனை வருடம் பயமுறுத்தி வைத்திருந்தார். எங்களில் தகப்பனின் கூட்டாளியும் மாமா, பஸ்ஸில் இடம் கொடுக்கிறவரும் மாமா என்று சொல்லிப் பார்க்கலாமா என யோசித்தார். சொன்னால் அவள் தலையாட்டுவாள். பிறகு அதே கேள்வியைக் கேட்பாள்.

வழக்கறிஞர் பிரஷாந்தினியிடம் திரும்பினாள். "இவர் உங்களிடம் பணம் வாங்கினாரா? எதுவாக இருந்தாலும் சொல்லலாம்."

"வாங்கினார்," என்றாள் அவள், உடைந்த பிரெஞ்சில். அரியரத்தினம் நிமிர்ந்தார். "காசு இல்லை. நான் பொரித்த ரோல்ஸ். ஒருமுறை ஆறு கொடுத்தேன். நாலைத் திருப்பித் தந்துவிட்டார், பிள்ளைக்குக் கொடுங்கள் என்று."

அந்தப் பெண் சிரிக்காமல் எழுதிக்கொண்டாள். பிறகு சிரிப்பை அடக்க உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"உறவில்லை," என்றார் அரியரத்தினம். "ஒருவருக்கும் நான் மாமா இல்லை."

இருபத்தேழு தாள். ஒவ்வொன்றிலும் பிள்ளையின் பெயர் இருந்தது. ஒவ்வொன்றையும் வாசித்துவிட்டே கையெழுத்திட்டார். ஆரூரனின் தாளில் மட்டும் பேனா, அன்று டோனட் கடையில் நின்ற அதே அளவு நேரம் நின்றது.

இறங்கி வரும்போது லிஃப்டில் பிரஷாந்தினி, "இவர் அண்டைக்குக் கடையில கதைச்சது..." என்று தொடங்கினாள்.

"கேட்டது, தங்கச்சி."

"நானும் வாய் திறக்கேல்லை."

"இண்டைக்குத் திறந்தீர்தானே. அதுவும் பிரெஞ்சில."

அவருக்கு அந்த வழக்கில் ஒரு சதமும் இல்லை. அவருடைய பெயரும் நம்பரும் இருபத்தேழு முறை களவு போயிருந்தாலும், அவர் பெற்றோர் அல்ல. கிறிஸ்மஸுக்கு முன் எல்லா வீட்டுக்கும் காசோலை வந்தது. பிரஷாந்தினிக்கு அந்தக் கடிதமும் வந்தது; அதைக் காட்டி வங்கியில் கடனும் எடுத்தாள். பள்ளிச் சபையிலிருந்து அவருக்கும் ஒரு கடிதம்: உறவினர் அல்லாதவர் என்று அவரே அறிவித்திருப்பதால், எல்லாப் பதிவுகளிலிருந்தும் அவருடைய இலக்கம் நீக்கப்படுகிறது. தண்டனை எதுவும் இல்லை. கீழே நன்றி என்று கூட இருந்தது.

ஜனவரி முழுதும் போன் அடிக்கவில்லை. அல்பேட் இரண்டு முறை அவரைப் பார்த்துவிட்டு, "பிள்ளைகள் வளர்ந்துவிட்டார்களா?" என்று கேட்டான். "ஓம்," என்று தமிழிலேயே சொல்லிவிட்டு உருளைக்கிழங்கு மூட்டையைத் தூக்கினார். பத்து மணிக்கும் இரண்டு மணிக்கும் இடையில் எத்தனை மணித்தியாலம் இருக்கிறது என்பது அந்த மாதம்தான் அவருக்குத் தெரிந்தது.

பெப்ரவரியில், பள்ளியில் பதிவு நடக்கும் வாரம், சனிக்கிழமை மேசைக்குப் பிரஷாந்தினி வந்தாள். இளையவள் அனுஷாவுக்குச் செப்டம்பரில் பள்ளி. படிவத்தை அவளே பிரெஞ்சில் நிரப்பியிருந்தாள். ஒரு பிழைகூட இல்லை. அவசரத் தொடர்பு என்ற வரி மட்டும் வெறுமையாக இருந்தது.

"இரவியின்ர நம்பரைப் போடும்."

"அவர் தொழிற்சாலை பெல்ட்டில நிக்கேக்க போன் எடுக்கேலாது."

"நீர் இப்ப வீட்டிலதானே?"

"கார்டெரியில ஆறு பிள்ளையள். விட்டிட்டு ஓடேலாது அண்ணை. எனக்குப் பிறகு ஆர் எண்டுதான் கேக்கிறாங்கள்." பேனாவை அவர் பக்கம் தள்ளினாள். "இவரும் உங்கட நம்பரைத்தான் போடச் சொன்னவர். தானே வந்து கேக்க வெக்கமாம்."

அரியரத்தினம் வாங்கினார். நம்பரை எழுதினார். அடுத்த கட்டத்தில், தடுமாறாமல், 'உறவில்லை' என்று எழுதி, பக்கத்தில் சிறிதாகக் கையெழுத்தும் வைத்தார். பிரஷாந்தினி வாசித்துப் பார்த்தாள். படிவத்தை மடித்து வைத்துக்கொண்டாள்.

செவ்வாய்க்கிழமை பதினொரு மணிக்குப் போன் அடித்தது. அல்பேட் பெட்டிகளுக்கு மேலால் எட்டிப் பார்த்தான்.

"முசியே அரியா," என்றாள் செலீன். "ஒரு புதிய படிவத்தைச் சரிபார்க்கிறேன். உறவு என்ற இடத்தில், இல்லை என்று எழுதியிருக்கிறது. சரியா?"

"சரி."

அவள் அதைத் தட்டச்சு செய்யும் சத்தம் கேட்டது.

"முப்பத்தொன்பது டிகிரி என்றால்?"

"பதினைஞ்சு நிமிசம்," என்றார் அவர்.