தனியாளுக்கு நேரம் ஓடாது

1998, ஒரு ஞாயிற்றுக்கிழமை விடியற்காலை. வாணியம்பாடியில் பஸ் ஏறும்போதே நான் கோபத்தில்தான் இருந்தேன். பெங்களூர் சுமார் நூற்று நாற்பது கிலோமீட்டர். நான் ஊர் சுற்றிப் பார்க்கப் போகவில்லை. என் தங்கை அமுதாவைக் கூட்டிவரப் போனேன். அவள் வீட்டுக்காரர் ஏகாம்பரம் பீன்யா தொழிற்பேட்டையில் இரும்பு கடையும் லேத் மெஷின் ஓட்டுகிறார். வாரம் ஒரு ஷிப்ட் என்று மாறி மாறிப் போய்க்கொண்டிருந்தவர், இனி நிரந்தரமாக நைட் ஷிப்டுக்கே போகப் போகிறாராம். "அப்படிப் போனா நான் இங்க இருக்க மாட்டேன்க்கா" என்று போனில் அழுதாள்.

கிருஷ்ணகிரி தாண்டியதும் ஒரே பனி. ரோடு தெரியவில்லை, மரம் தெரியவில்லை. ஓசூர் வரைக்கும் பஸ் போகிறதா நிற்கிறதா என்றே புரியவில்லை. என் ஜன்னல் கண்ணாடி மூடவில்லை. கண்டக்டரைக் கூப்பிட்டுத் திட்டினேன். "காத்து ஃப்ரீம்மா, அனுபவிங்க" என்று சொல்லிவிட்டுப் போனான்.

ஒன்பது மணிக்கு பெங்களூர் மெஜஸ்டிக் பஸ் ஸ்டாண்ட். அமுதா வீடு இருக்கிற ஸ்ரீராம்புரம் பக்கம்தான். ஆட்டோக்காரர் மீட்டருக்கு மேல் ஐந்து ரூபாய் கேட்டார்.

"எதுக்குய்யா?"

"சண்டே அல்வா அக்கா!" ஞாயிற்றுக்கிழமை இல்லையா என்று கன்னடத்தில் கேட்டார்.

"சண்டேன்னா உன் ஆட்டோ பெட்ரோல் ஜாஸ்தி குடிக்குமா?"

சிரித்துக்கொண்டே மீட்டரைப் போட்டார்.

ஒன்பதரைக்கு வீடு. ஒரே அறை, ஒரு பாய், ஒரு தலையணை. ஏகாம்பரம் மட்டும் இருந்தார். அமுதா வேலை செய்யும் மல்லேஸ்வரம் துணிக்கடைக்குச் செவ்வாய்தான் லீவு. இவருக்கு ஞாயிறு. லீவு நாளில்கூட இந்த ஜோடி சேர்ந்து உட்கார முடியாது. நான் வருகிறேன் என்று அமுதா மதியத்துக்கு மேல் லீவு கேட்டிருந்தாள்.

காபி போட்டுக் கொடுத்தார். "அப்படி என்ன தம்பி இருக்கு நைட் ஷிப்ட்ல? பணமா?" என்று கேட்டேன்.

"பணமும்தான். ஆனா பீஸை மாட்டிட்டா மெஷின் அது பாட்டுக்கு ஓடும்க்கா. பேச ஆள் இருக்காது. அப்ப நான் ஒரு நாட்டுல இருப்பேன்."

அவரே கற்பனை செய்த நாடு. ஏழு குன்றுகள். அங்கே நேரம் தானாக ஓடாது. அதற்கு ஒரு விஞ்ஞானம் வைத்திருந்தார். "டூலும் இரும்பும் தொட்டாத்தானே சூடு வருது? அங்க ஆளும் ஆளும் சேர்ந்தாத்தான் நேரம் உண்டாகும். தனியாளுக்கு நேரம் ஓடாது."

குன்றின் மேல் தனியாக ஆடு மேய்க்கிறவன் ஆயிரம் வருஷம் இருப்பான். அவன் கறந்து வைத்த பால் திரியாது. சந்தைக்குப் போகிற கூட்டமோ சாயங்காலத்துக்குள் நரைத்துத் திரும்பும். அதனால் ஆசைப்பட்ட இரண்டு பேர் எதிரெதிர்க் குன்றில் விளக்கு ஏற்றி வைத்துப் பார்த்துக்கொண்டே இருப்பார்கள். ஒரு விளக்கு கீழே இறங்கினால் போதும், எதிர்க் குன்றில் பூ உதிரும்.

மெதுவாகச் சொன்னார். காபி ஆறியது. வெளியே குழாயடிச் சத்தம் எங்கேயோ போய்விட்டது. காலையில் பார்த்த பனி அந்த அறைக்குள் வந்த மாதிரி இருந்தது. கோபப்பட வந்தவள், கோபத்தை எங்கே வைத்தேன் என்று தெரியாமல் உட்கார்ந்திருந்தேன்.

"அப்ப அமுதாவைப் பார்க்காம இருந்தா அவளுக்கு வயசே ஏறாது. அதானே?"

"அப்படி நெனச்சுக்கிட்டுத்தான் தூங்குவேன்க்கா" என்று சிரித்தார். போன கோபம் திரும்பி வந்துவிட்டது.

இரண்டு மணிக்கு அமுதா வந்தாள். கட்டி வைத்திருந்த பையை எடுத்து வாசலில் வைத்தாள். அந்த நாட்டுக் கதை அவளுக்கும் தெரியும்.

"உங்க ஆட்டுக்காரனுக்குப் பொண்டாட்டி இருக்காளா?"

"எதிர்க் குன்றுல இருக்கா."

"அவளுக்குப் பசிக்குமா?"

யோசித்தார். "நேரம் ஓடாதில்ல. பசிக்காது."

"எனக்குப் பசிக்குதுங்க. ராத்திரி தனியா உட்கார்ந்து திங்கிறேன். நல்லாவே பசிக்குது. உங்க கணக்கு தப்பு."

மனுஷன் விடவில்லை. "நைட் ஷிப்ட் முடிச்சு வந்து படுக்கிறப்ப நீ படுத்த தலையணை சூடாத்தான் இருக்கு. சூடு இருந்தா நேரம் இருக்குன்னுதானே அர்த்தம்? அப்ப நாம சேர்ந்துதான் இருக்கோம்."

"அப்ப தலையணையோடவே குடும்பம் நடத்துங்க. நான் அக்காவோட போறேன்."

நான் சத்தமாகச் சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. தலையணையைப் பார்த்தார், பையைப் பார்த்தார், செருப்பை மாட்டிக்கொண்டு இறங்கினார். அமுதா பையோடு பின்னால் போனாள். நானும் போனேன்.

தெருமுனை எஸ்.டி.டி. பூத்துக்குள் போய் சூப்பர்வைசர் வீட்டுக்குப் போன் போட்டார். கதவு சரியாகச் சாத்தாது. மீட்டரில் சிவப்பு பூஜ்யம் அசையாமல் நின்றது. அமுதா அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். சட்டென்று எண் ஓட ஆரம்பித்தது.

"எடுத்துட்டாரு" என்றாள்.

"நைட் மட்டும் வேணாம் சார். பழையபடி மாத்தி மாத்தியே போடுங்க... இல்ல சார், யோசிச்சுத்தான் சொல்றேன். அப்புறம் சார், லீவை மட்டும் செவ்வாய்க்கிழமைக்கு..." அந்தப் பக்கத்திலிருந்து திட்டு விழுந்தது வெளியே எங்களுக்கே கேட்டது. அமுதா பையைக் கீழே வைத்தாள்.

சாயங்கால பஸ்ஸில் தனியாகத் திரும்பினேன். நானும் என் வீட்டுக்காரரும் ஒரே தையல் கடையில், முதுகுக்கு முதுகு மிஷின் போட்டு உட்கார்ந்திருக்கிறவர்கள். எல்லா வேளையும் கூடவே இருக்கிறோம். கடைசியாக எப்போது முகம் பார்த்துப் பேசினோம் என்று ஓசூரில் யோசிக்க ஆரம்பித்தேன். வாணியம்பாடி வரைக்கும் ஞாபகம் வரவில்லை.

மறுநாள் கடை திறந்ததும் என் மிஷினை இழுத்துத் திருப்பிப் போட்டேன்.

"என்ன?" என்றார்.

"வெளிச்சம் பத்தல" என்றேன்.