பச்சை மரம் தம்பிக்கு, பட்ட மரம் அண்ணனுக்கு

"சிவனாண்டி, வயது நாற்பத்தொன்று. திடகாத்திரமானவன்; மூர்க்க சுபாவம்; கொடிய ஆயுதத்துடன் நடமாடுபவன்; பொதுமக்கள் அஞ்சுவார்கள்." 1973-இல் ஒரு வெட்டு வழக்கை ஒட்டிக் காவல் நிலையத்தில் எழுதப்பட்டது இது. வயது மட்டும் ஏறக்குறைய சரி. வீட்டுச் சேவல் சிலிர்த்துக்கொண்டு வந்தால் பெண்டாட்டி பேச்சித்தாயைக் கூப்பிடுகிற ஆள் அவன்.

அரிவாள் வைத்திருந்தது உண்மைதான். அதன் முதுகால் பனையைத் தட்டி, உள்ளே வைரம் பாய்ந்திருக்கிறதா உளுத்துப்போயிருக்கிறதா என்று ஓசையிலேயே சொல்லிவிடுவான். பிறகு மேலே ஏறிக் குருத்தை இழுத்துப் பார்ப்பான். பனைக்கு உயிர் அந்த ஒற்றைக் குருத்தில்தான். அது கையோடு வந்துவிட்டால் மரம் போயிற்று. சாத்தான்குளம் முதல் குலசேகரன்பட்டினம் வரை, பனை பட்டதா இல்லையா என்பதில் அவன் சொன்னால் சொன்னதுதான்.

வெள்ளத்துரையும் தம்பி நல்லக்கண்ணுவும் பாகம் பிரித்தபோது வரப்புப் பனை ஒன்று மிஞ்சியது. உயிரோடு உள்ளவரை பதநீர் தம்பிக்கு, பட்டுப்போனால் தடி அண்ணனுக்கு என்று ஊர் தீர்த்துவைத்தது. ஒருவனுக்கு மரம் வாழவேண்டும், மற்றவனுக்குச் சாகவேண்டும். இதற்குச் சமாதானம் என்று பெயர். அந்த நேரம் பார்த்துத் தூத்துக்குடியில் புதுத் துறைமுக வேலைக்குக் கொட்டகை போட, பனந்தடியில் பிளந்த பனங்கைகள் லாரி லாரியாகப் போயின. மரத்தின் ஆயுளை அண்ணனால் பொறுக்க முடியவில்லை. இரண்டு ஓலை பழுத்ததுமே சிவனாண்டியைக் கூட்டிவந்து ஏற்றிவிட்டான்.

உச்சியில் சிவனாண்டி குருத்தை இழுத்தான். அசையவில்லை.

"அண்ணாச்சி, உசுரோட இருக்கு!"

"ஏலே, உசுரு பாக்கவா ஒன்னைய ஏத்துனேன்? சாவு பாருல!"

"சாகலியே அண்ணாச்சி, நான் என்ன செய்ய?"

"விழுந்தா சாவும்லா!" என்று வெள்ளத்துரை கோடாலியை மரத்தின் அடித்தூரில் இறக்கினான்.

நல்லக்கண்ணு ஓடிவந்து அண்ணனின் மண்டையில் கம்பால் போட்டான். காது கிழிந்து தொங்கியது. வெள்ளத்துரை திரும்பி வீசிய வீச்சில் தம்பியின் தோள் பிளந்தது. செம்மணல் மேடான தேரியாதலால் ரத்தம் எது மண் எது என்று தெரியவில்லை. விழுந்தவன் மேலே பார்த்து, "செத்துட்டுன்னு மட்டும் சொல்லிராதல, சிவனாண்டி" என்றான்.

அண்ணன் மறுபடி மரத்துக்கு வந்தான். ஒவ்வொரு வெட்டுக்கும் உச்சி கிடுகிடுத்தது.

"எறங்கிருதேன் அண்ணாச்சி!"

"எறங்குனா ஒனக்கும் இந்த வெட்டுதான்."

சிவனாண்டி இடுப்பிலிருந்து அரிவாளை உருவி, நோய்நொடியில்லாத அந்தப் பனையின் குருத்தை அடியோடு வெட்டிக் கீழே போட்டான்.