வட்டச் செல் எங்கே?

போன செவ்வாய்க்கிழமை காலை. மகள் இருமினாள். ஒரே ஒரு இருமல்தான்.

திரும்பிப் பார்த்தேன். ஒன்றரை வயது யாழினியின் மடியில் சவுண்ட்பார் ரிமோட். பின்மூடி திறந்திருந்தது. உள்ளே இருக்கவேண்டிய வட்டச் செல்... இல்லை!

வாய்க்குள் பார்த்தேன். பாயை உதறினேன். சோபாவுக்கு அடியில் படுத்துத் தேடினேன். அந்தச் செல் தொண்டையில் சிக்கினால் உள்ளே புண்ணாக்கிவிடும் என்று எங்கோ படித்திருக்கிறேன். பிறகு ஏன் தேடிக்கொண்டிருக்கிறேன்? உடனே கிளம்பியிருக்க வேண்டாமா?

கணவர் செராமிக் யூனிட்டில். சூளைப் பக்கம் போனால் போனை எடுக்கமாட்டார். மாமனார் முதல் பஸ்ஸில் ஸ்ரீமுஷ்ணம் கோயிலுக்குப் போயிருந்தார். ஆட்டோ பிடித்தேன்.

வழியில் ரயில்வே கேட் மூடியிருந்தது. குழந்தை வீறிட்டாள்.

"கொஞ்சம் தண்ணி குடுக்கட்டுமா அண்ணே?"

"டாக்டரைக் கேக்காம எதுவும் குடுக்காதம்மா. அழுவட்டும் வுடு. அழுதா மூச்சு இருக்குதுல்ல!" என்றார் ஆட்டோக்காரர்.

ஆறுதல் சொன்னாரா, பயமுறுத்தினாரா?

எக்ஸ்ரே எடுத்துவிட்டுக் காத்திருந்தபோது மனம் எங்கெங்கோ ஓடியது. மாமனார் வாங்கிய பழைய ரேடியோவுக்கு நாலு தடிமனான செல். எந்தக் குழந்தையும் விழுங்க முடியாது. பிறகு வந்த டிவியின் திருகு குழந்தைக்கு எட்டாது. கேசட் போடும் டெக்கை ஷோகேஸில் வைத்துப் பூட்டிவிடுவார்கள். வர வர எல்லாமே மெலிந்து, சிறுத்து — கடைசியில் குழந்தையின் வாய்க்குள் அடங்கும் அளவுக்கு வந்துவிட்டதே!

"ரிமோட்டு பாப்பா கைக்கு எப்படிம்மா வந்துச்சு?" டாக்டர் கேட்டார்.

"அவளே எடுத்துட்டா சார்."

பொய். ஒரு வாய் சாதம் இறங்கவேண்டுமே என்று நான்தான் கொடுத்தேன். பின்பக்கத்தைப் பார்க்காமலே கொடுத்தேன்.

படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "உள்ள எதுவும் இல்லம்மா. வூட்டுல நல்லா தேடுங்க."

திரும்பி வந்தால், கோயில் பிரசாதத்தோடு மாமனார் உட்கார்ந்திருந்தார்.

"மாமா, ரிமோட்டு செல்லைப் பாத்தீங்களா?"

"அதுவா? பட்டன் சரியா வேலை செய்யலன்னு காலையிலயே கழட்டி வெயில் படட்டும்னு மொட்டமாடியில வெச்சுட்டுப் போனேன்மா. ரேடியோ செல்லை அப்படித்தான காய வெப்போம்? இன்னும் ரெண்டு நாளு ஓடும்."

அழுகையும் கோபமும் சேர்ந்து வந்தன. ஆஸ்பத்திரிக் கதையைச் சொல்லிக் கத்தினேன். "மூடிய அப்படியே தொறந்து போட்டுட்டுப் போயிட்டீங்களே மாமா!"

அவர் முகம் வெளுத்துவிட்டது. பேத்தியின் தலையைத் தடவினார். "தப்புதாம்மா. எம்மேலதான் தப்பு."

மனிதர் ஒரே நிமிடத்தில் ஒப்புக்கொண்டுவிட்டார். ரிமோட்டைக் குழந்தையிடம் கொடுத்தது யார் என்று எங்கள் வீட்டில் இதுவரை யாருக்கும் தெரியாது — இந்தப் பத்தியைப் படிக்கும்வரை.