ஹெலிகாப்டரில் கேட்காமல் போன சொல்

ராணுவ மருத்துவராகப் போர்ட் பிளேருக்கு நான் முதல்முறை மாற்றலாகி வந்திருந்தபோது, நிக்கோபாரின் கச்சால் தீவிலிருந்து அழைப்பு வந்தது. ரப்பர் தோட்டத்துப் பெண் ஒருத்திக்குப் பிரசவமாகிவிட்டது, ரத்தம் நிற்கவில்லை. எங்கள் ஹெலிகாப்டரில் போனேன்.

ஸ்ட்ரெச்சரை ஏற்றிய பிறகு வேறு ஆளுக்கு இடமில்லை. குழந்தையைத் துணியில் சுற்றி அணைத்தபடி அவள் கணவன் கீழேயே நின்றுவிட்டான். "கப்பல்ல வந்துருப்பா" என்று கத்தினேன்.

அவள் இரண்டு கைகளிலும் சலைன் ஓடியது. ஒரு கையால் அவள் அடிவயிற்றை அழுத்திப் பிடித்திருந்தேன். சட்டென்று கண்ணைத் திறந்து, என்னைப் பார்த்து ஏதோ சொன்னாள். ஹெட்செட்டைக் கழற்றிவிட்டு அவள் வாயருகே காதைக் கொண்டுபோனேன். ஹெலிகாப்டர் இரைச்சலில் ஒன்றும் கேட்கவில்லை. "என்னம்மா? இன்னொரு தடவை சொல்லு" என்று முகத்தைப் பார்த்தேன். சொன்னாள். உதடுகள் மறுபடியும் அதேபோல் அசைந்தன. போர்ட் பிளேர் கண்ணில் படுமுன் போய்விட்டாள்.

அவள் கணவனுக்குச் செய்தியைப் போனில் சொல்லியிருந்தார்கள். அவன் வந்த கப்பலுக்கு ஃபீனிக்ஸ் பே ஜெட்டியில் நானே போய் நின்றேன். அவனுக்கு எதையாவது கொடுக்க வேண்டும்போல் இருந்தது.

"கடைசிவரைக்கும் நினைவோடதான் இருந்தாங்க. ஏதோ சொன்னாங்க. சத்தத்துல எனக்குக் கேக்கலப்பா."

அழுதுகொண்டிருந்தவன் நிமிர்ந்தான். "வாய் எப்படி அசைஞ்சிச்சு டாக்டர் சாப்? செஞ்சு காட்டுங்க."

பெட்டிகளோடு ஆட்கள் இடித்துக்கொண்டு போனார்கள். சீருடையில் நின்று, இறந்த பெண்ணின் உதட்டசைவைச் சத்தமில்லாமல் செய்து காட்டினேன்.

"இன்னொருக்கா, சாப்."

காட்டினேன். அப்படியே குந்தி உட்கார்ந்து துண்டில் முகத்தைப் புதைத்துக்கொண்டான்.

"புரிஞ்சிச்சா?"

தலையை ஆட்டினான். என்னவென்று சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

அதன்பின் பனிமலையிலும் பாலைவனத்திலும் வேலை பார்த்தேன். என் கைக்குள்ளேயே இறந்துபோன சிப்பாய்கள் உண்டு. அவர்கள் கனவில் வருவதோடு சரி. இவள் பட்டப்பகலில் வந்தாள். சவரம் செய்யும்போது கண்ணாடியில் என் உதடுகள் தாமாக அசையும். "யார்கிட்டங்க பேசறீங்க?" என்பாள் மனைவி.

ஓய்வுபெற்றபின் போர்ட் பிளேருக்கே திரும்பி, டாலிகஞ்சில் வீடு எடுத்தோம். போன வருடம் ஒரு பெண் விசாரித்துக்கொண்டு வந்தாள். இங்கேயே நர்ஸிங் படிக்கிறாளாம்.

"கச்சால்ல இருந்து வந்திருக்கேன் அங்கிள். அம்மா கடைசியா என்னா சொன்னுச்சுன்னு அப்பா சொல்லவே மாட்டேங்கிறாரு. அது டாக்டர் சாப்கிட்ட இருக்கு, போய்ப் பாத்துக்கன்னுட்டாரு."

உட்காரச் சொன்னேன். அவள் போனை எடுத்து, "வீடியோ எடுத்துக்கட்டுமா?" என்றாள். சரி என்றேன்.

செய்து காட்டினேன். அவள் இமைக்காமல் பார்த்தாள். தன் உதடுகளாலும் அப்படியே செய்து பார்த்தாள். அந்த வாயும் அதே வாய்தான்.

"ஒண்ணும் வெளங்கல அங்கிள். இப்படியேதான் சொன்னுச்சா?"

இத்தனை வருடங்களில் என்னையறியாமல் எத்தனை முறை அசைத்துவிட்டேன். அதில் அவள் அம்மாவுடையது எவ்வளவு மிச்சமோ, எனக்கே தெரியாது.

"இப்படியேதாம்மா" என்றேன்.