4417ஆம் எண் படம்

பெயர்: அருள்ஜோதி. தொழில்: தொலைபேசி இணைப்பாளர். வீடு: சிங்கப்பூர், குவீன்ஸ்டவுன். படம் எடுத்தது: 12 ஜூன் 1976, சிராங்கூன் சாலையில் ஒரு ஸ்டூடியோ. நெகட்டிவின் மூலையில் மையால் எழுதப்பட்ட எண்: 4417. எத்தனை பிரதி எடுத்தாலும் அந்த எண் வெள்ளையாக விழும்.

தாய் அல்போன்சம்மாள் ஆறு பிரதிகளின் பின்புறத்தில் மகளின் பெயரையும் பங்குக் கோயிலின் பெயரையும் எழுதி, வரன் பார்ப்பவர்களிடம் கொடுத்தார். பொருந்தாத வீட்டிலிருந்து படம் திரும்புவதில்லை. அடுத்த வீட்டுக்குப் போய்விடும்.

1979இல் அலெக்சாண்டருடன் திருமணம் நிச்சயமானது. கோயிலில் திருமண அறிவிப்பான ஓலையை வாசிக்க இரண்டு வாரம் இருக்கையில், மாப்பிள்ளையின் தாய் பிலோமினம்மாள் சிராங்கூன் சாலையில் ஒரு பிரேம் கடையைக் கடந்து வந்தார்.

"நம்ம வீட்டுக்கு வரப்போற பொண்ணு கடையில தொங்குறா. அதை இறக்குற வரைக்கும் ஓலை வேணாம்."

அருள்ஜோதி மதிய உணவை விட்டுவிட்டு அங்கே ஓடினாள். சுவர் முழுக்க அவள் முகம்.

"சும்மா சேம்பிள் லா," என்றார் கடைக்காரர் சேக் தாவூது. "வாங்குறவங்க இதை எடுத்துட்டு அவங்க படத்தைப் போட்டுக்குவாங்க."

"அண்ணே, அது நான்!"

அவர் அவளையும் படத்தையும் மாறிமாறிப் பார்த்தார். "அந்தப் பொண்ணு கொஞ்சம் பூசினாப்புல இருக்காம்மா."

4417க்குக் கீழே வேறொரு கையெழுத்தில் 209 என்ற எண்ணும் இருந்தது. அது படத்தைப் படமெடுத்த இன்னொரு ஸ்டூடியோவின் எண் என்று சொல்லி, தாவூது வழிகாட்டினார். அந்த ஸ்டூடியோக்காரர் மருதப்பன் எதையும் மறுக்கவில்லை.

"புரோக்கர் ஒருத்தர் காப்பி போடக் குடுத்தாரு, திரும்பி வரல. முகம் லட்சணமா இருந்துச்சு. பிரேம் கம்பெனில கேட்டாங்க, நெகட்டிவைக் குடுத்துட்டேன்."

"பின்னாடி என் பேரு எழுதியிருந்துச்சே!"

"பின்பக்கத்தை யாரும்மா படம் எடுப்பா? நம்பர் முன்னாடி இருக்கு, அது வரும்."

நெகட்டிவைக் கேட்டு அவள் கம்பெனிக்குப் பலமுறை அலைந்தாள். முதலாளி ஒருமுறை ஜொகூரில் இருந்தார். மறுமுறை சாப்பிடப் போயிருந்தார். கடைசியில், "இது நீங்கதான்னு எப்படி நம்புறது?" என்று அவள் முகத்தைப் பார்த்தே கேட்டார்.

மிஞ்சியது தாவூதின் கடை. அவர் ஏணியைப் பிடித்துக்கொள்ள, அருள்ஜோதி தானே ஏறி ஒவ்வொரு படமாக உருவினாள். வெற்றுப் பிரேம்களை வந்து பார்த்த பிலோமினம்மாள் சம்மதித்தார். ஓலை வாசிக்கப்பட்டது.

திருமணம் 26 மே 1979. மறுநாள் மாமியார் முன்னிலையில் பரிசுகள் பிரிக்கப்பட்டன. வந்த பிரேம்கள் ஒன்பது. உள்ளே 4417 இருந்தவை ஏழு.