அரிமளம் மண்டபத்தில் ஆம்ப் செத்தபோது

போன ஆடி மாதம் அரிமளத்தில் ஒரு கல்யாண மண்டபத்தில் நடந்தது இது. ஆடி என்பதால் மண்டபம் சும்மா கிடந்தது, படம் திரையிடக் கொடுத்துவிட்டார்கள்.

நான் கிட்டார், என் வீட்டுக்காரர் ட்ரம்ஸ், கொழுந்தனார் பேஸ் கிட்டார். திருக்கோகர்ணத்தில் எங்கள் மாடி அறைதான் ஸ்டூடியோ. நாங்கள் வாசிப்பது சர்ஃப் ராக். கடலலையில் பலகை மேல் நின்று சறுக்குகிறவர்களின் ஊரில் பிறந்த துள்ளல் இசை. பாடகர் கிடையாது. "கச்சேரின்னா பாட வேணாமா?" என்று கேட்காத சொந்தக்காரர் இல்லை. நான் அசரமாட்டேன். இதை வைத்தே சில சின்னப் படங்களுக்குப் பின்னணி இசை போட்டிருக்கிறோம்.

அன்று திரையிட்டதும் அப்படி ஒரு படம்தான். இயக்குநர் என் வீட்டுக்காரரின் சிநேகிதர், வருடக்கணக்கில் அதற்காகவே உயிரைக் கொடுத்து உழைத்தவர். சென்னையிலிருந்து ஒரு விநியோகஸ்தர் பார்க்க வந்திருந்தார். அவரும் வேண்டாம் என்றால் படம் பெட்டிக்குள்தான். படம் முடிந்ததும் கொஞ்சம் வாசிக்கலாமே என்று வாத்தியங்களைத் திரைக்குப் பக்கத்தில் தயாராக வைத்திருந்தோம்.

கடைசிக் கட்டம். காணாமல் போன மகனைத் தேடி அப்பா மழையில் கண்மாய்க் கரையில் ஓடுகிறார். வசனமே கிடையாது, எங்கள் இசை மட்டும்தான். அந்த நேரம் பார்த்து மண்டபத்து ஸ்பீக்கர் படுத்துவிட்டது. படம் ஓடுகிறது, சத்தம் இல்லை. விநியோகஸ்தர் போனை எடுத்து நோண்ட ஆரம்பித்தார். இயக்குநர் முகத்தில் ஈயாடவில்லை.

"போச்சு தங்கச்சி, எல்லாம் போச்சு" என்றார்.

"என்னண்ணே போச்சு? நாங்க இங்கிட்டுத்தான இருக்கோம்" என்றேன். வீட்டுக்காரர் அதற்குள் குச்சியைக் கையில் எடுத்திருந்தார்.

திரையைப் பார்த்தபடியே வாசித்தோம். எத்தனையோ தடவை பார்த்த காட்சி, அந்த அப்பாவின் கால் எங்கே வழுக்கும் என்று என் விரலுக்கே தெரியும். விநியோகஸ்தர் போனைப் பையில் போட்டார். திரையில் மின்னல் வெட்டியது. அடுத்து இடி வேண்டும். கிட்டார் சத்தத்தைப் பெருக்கித் தரும் எங்கள் ஆம்ப் பெட்டிக்குள் எதிரொலிக்காக ஸ்பிரிங் இருக்கும், பெட்டியை உதைத்தால் வானம் இடிந்த மாதிரி கேட்கும். கை இரண்டும் கிட்டாரில் இருந்ததால் காலால் ஓங்கி ஒரு உதை விட்டேன். இடி இடித்தது. அதோடு ஆம்ப் செத்தது. கொழுந்தனாரின் பேஸும் அதே பெட்டியில்தான். வீட்டுக்காரர் குச்சியை நிறுத்திவிட்டு என்னை முறைத்தார்.

திரையில் அப்பா மகனைக் கண்டுவிட்டார். படத்துக்காகப் பதிவு செய்தபோது அந்த இடத்தில் மூன்று பேரும் வெளுத்து வாங்கியிருந்தோம், எனக்கு அதில் அத்தனை பெருமை. இப்போது ஒன்றுமே இல்லை. அப்பா தன் துண்டைப் பிழிந்து மகன் தலையைத் துவட்டுகிறார், துவட்டிக்கொண்டே இருக்கிறார். மண்டபத்தில் ஒரு நாற்காலி நகரவில்லை. பின்னால் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள்.

விளக்கைப் போட்டதும் விநியோகஸ்தர் நேரே எங்களிடம் வந்தார். "படத்த நான் எடுத்துக்கிறேன். ஆனா அந்தத் தலை துவட்டுற இடத்துல இப்ப மாதிரியே எதுவும் இருக்கக் கூடாது. சரியா நிறுத்துனீங்க."

ஆம்ப் செத்த கதையைச் சொல்ல வாயெடுத்தேன். வீட்டுக்காரர் என் காலை மிதித்தார்.

"ஆமாங்க, அந்த எடத்துக்குத்தான் ரொம்ப யோசிச்சோம்" என்றார், சிரிக்காமல். இயக்குநர் சுவரோரம் திரும்பி நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

இன்றைக்கும் ஒரு படத்துக்கு வாசிக்க உட்கார்ந்தால், அதில் நாங்கள் கையைக் கட்டிக்கொண்டு இருக்க வேண்டிய இடம் எது என்றுதான் முதலில் தேடுகிறேன். அது மட்டும் கிடைத்துவிட்டால், மிச்சப் படத்தைத் தூள் கிளப்ப எங்களை விட்டால் ஆள் கிடையாது.